பிராங்கோ பில்லி ஆண்டர்சன்: ஒரு ரீல் கௌபாய் படங்களின் முதலாளி – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இந்த பிராங்கோ பில்லி?

அமெரிக்க மௌனப்பட காலத்தின் முதல் கௌபாய் நட்சத்திரம். முழுப் பெயர் கில்பர்ட் எம். ஆண்டர்சன். 'பிராங்கோ பில்லி' அவர் ஏற்று நடித்த பாத்திரத்தின் பெயர். பாத்திரம் புகழ்பெற்ற பிறகு மக்கள் அவரையே அப்படி அழைக்கத் தொடங்கிவிட்டார்கள்.

நடிகர் என்று மட்டும் அறிமுகப்படுத்தினால் பாதி ஆளைத்தான் சொன்னதாகும். தன் படங்களுக்குக் கதை எழுதியவர், இயக்கியவர், நாயகனாக நடித்தவர், எல்லாவற்றுக்கும் மேலாக, படத்தைத் தயாரித்த நிறுவனத்தில் பாதிப் பங்குக்குச் சொந்தக்காரர். வாரம் தவறாமல் ஒரு மலிவான வெஸ்டர்ன் படத்தை, அதாவது அமெரிக்க மேற்குப் பகுதியின் கௌபாய் படத்தை, எப்படி எடுத்து அனுப்புவது என்று கண்டுபிடித்ததுதான் அவருடைய பெரிய சாதனை என்பது என் கருத்து. குதிரையும் துப்பாக்கியும் அவருக்கு முன்பே திரைக்கு வந்துவிட்டன. ஒரே நாயகனை, ஒரே பெயரில், ஒரே மாதிரி மலைச்சரிவில், ஆண்டுக்கணக்கில் திரும்பத் திரும்பக் காட்டி மக்களை மறுபடி கொட்டகைக்கு வரவழைத்த முதல் ஆள் அவர்.

அவர் உண்மையிலேயே கௌபாயா? மேற்குப் பகுதியில் பிறந்து வளர்ந்தவரா?

இல்லவே இல்லை. 1880 மார்ச் 21 அன்று ஆர்கன்சா மாநிலத்தின் லிட்டில் ராக் நகரில், ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். பெற்றோர் வைத்த பெயர் மேக்ஸ்வெல் ஹென்றி ஆரன்சன். பிள்ளைப்பருவம் பைன் பிளஃப் ஊரிலும் செயின்ட் லூயிஸ் நகரிலும் கழிந்தது. பிறகு நாடக ஆசையோடு நியூயார்க் போனார். அங்கே ஓவியர்களுக்கும் புகைப்படக்காரர்களுக்கும் மாடலாக நின்று வயிறு கழுவினார். மாடு மேய்த்ததும் இல்லை, சுருக்குக் கயிறு வீசியதும் இல்லை.

அழகன் என்றும் சொல்லிவிட முடியாது. அகன்ற முகம், தடித்த உடல், பெரிய மூக்கு. இன்று நடிகர் தேர்வுக்குப் போனால் வில்லனின் கையாளாகத்தான் வைத்துக்கொள்வார்கள். ஆனால் அந்த முகத்தில் ஒரு சோகம் உண்டு. மௌனப்படத்தில் வசனம் இல்லாத நாயகனுக்கு அது பெரிய முதலீடு.

1903-இல் வந்த புகழ்பெற்ற ரயில் கொள்ளைப் படத்தில், கடைசியில் நம்மை நோக்கிச் சுடும் மனிதர் இவர்தானே?

அல்ல. இணையத்தில் இந்தத் தவறு திரும்பத் திரும்ப வருகிறது. பார்வையாளரை நேராகப் பார்த்துத் துப்பாக்கியால் சுடும் அந்த மீசைக்காரர் ஜஸ்டஸ் பார்ன்ஸ் என்ற வேறொரு நடிகர்.

ஆனால் 'தி கிரேட் டிரெயின் ராபரி' படத்தில் ஆண்டர்சன் இருக்கிறார், ஒன்றுக்கு மேற்பட்ட வேடங்களில். எடிசன் நிறுவனத்துக்காக எட்வின் எஸ். போர்ட்டர் எடுத்த படம் அது. ஓடும் நேரம் பன்னிரண்டு நிமிடம். அமெரிக்காவின் மேற்குப் பகுதியில் நடப்பதாகக் கதை. படமெடுத்தது நியூயார்க்கில் இருந்த ஸ்டுடியோவிலும் பக்கத்து நியூ ஜெர்சி மாநிலத்திலும். தப்பியோடும்போது சுடப்பட்டு விழும் ரயில் பயணி ஆண்டர்சன்தான். நடனக் கூடத்தில் காலடியில் சுட்டு ஆடவைக்கப்படும் பட்டணத்து அப்பாவியும் அவரே.

இதையொட்டி ஒரு கதை வெகுகாலமாக உலவுகிறது. குதிரையேறத் தெரியுமா என்று போர்ட்டர் கேட்டதற்கு, பிறந்ததே குதிரை மேல்தான் என்கிற மாதிரி பதில் சொன்னாராம். படப்பிடிப்பு இடத்துக்குப் போகும் வழியிலேயே குதிரை அவரைக் கீழே தள்ளிவிட்டதாம். எவ்வளவு உண்மை, எவ்வளவு உப்பு மிளகாய் என்று பிரிக்க முடியாது. பின்னாளில் அவர் ஓரளவு நன்றாகவே குதிரையேறப் பழகிக்கொண்டார். ஆபத்தான ஓட்டம் வேண்டியபோது உள்ளூர் மாட்டுப் பண்ணை ஆட்கள் இருக்கவே இருந்தார்கள்.

அந்தப் படத்தைக் காணக் கூட்டம் எப்படி அலைமோதியது என்பதை அவர் கண்ணாரக் கண்டார். நாடகத்தை விட்டுவிட்டு இதற்குள் இறங்கியது அதனால்தான்.

எஸ்ஸனே நிறுவனம் எப்படித் தோன்றியது?

நடுவில் சில ஆண்டுகள் அவர் கைமாறிக் கைமாறி வேலை செய்தார். வைட்டாகிராஃப் நிறுவனத்தில் 1905-இல் ராஃபிள்ஸ் என்ற கனவான் திருடனைப் பற்றிய படத்தை இயக்கினார். சிகாகோவில் படத் தயாரிப்பாளர் வில்லியம் செலிக்கிடம் சேர்ந்து, 1907-இல் கொலராடோ மாநிலத்துக்கே போய்ச் சில வெஸ்டர்ன் படங்கள் எடுத்தார். உண்மையான மலையும் பாறையும் படத்துக்கு என்ன செய்யும் என்பதை அங்கேதான் கற்றுக்கொண்டார்.

அதே 1907-இல் ஜார்ஜ் கே. ஸ்பூர் என்பவரோடு கூட்டுச் சேர்ந்து சிகாகோவில் சொந்த நிறுவனம் தொடங்கினார். ஸ்பூர் ஏற்கெனவே படம் காட்டும் கருவிகளிலும் படங்களை வாடகைக்கு விடும் தொழிலிலும் கைதேர்ந்தவர். ஸ்பூரின் 'எஸ்', ஆண்டர்சனின் 'ஏ' இரண்டையும் சேர்த்து உச்சரித்தால் எஸ்ஸனே. பணக்கணக்கு ஸ்பூருடையது, படமெடுப்பது ஆண்டர்சனுடையது.

முதல் படம் வெஸ்டர்ன் அல்ல. சிகாகோ தெருக்களில் சக்கரக் காலணி மாட்டிக்கொண்டு போகிற ஒரு நாடோடி, எதிரே வருகிறவர்கள் மீதெல்லாம் மோதுகிறான். அவ்வளவுதான் கதை. நாடோடியாக நடித்தவர் மாறுகண்ணுக்குப் பின்னாளில் பெயர்பெற்ற பென் டர்பின். அவரே ஸ்டுடியோவைப் பெருக்கிக் கூட்டும் வேலையையும் பார்த்தார். அரங்கம் வேண்டாம், வாடகை வேண்டாம், ஒரு நடிகரும் ஒரு கேமராவும் ஊர்த் தெருவும் போதும். எஸ்ஸனேயின் சிக்கனம் முதல் நாளிலேயே தெரிந்துவிட்டது.

எல்லாப் படங்களும் ஏன் பதினைந்து நிமிடத்துக்குள் முடிகின்றன? பணம் இல்லாததாலா?

பணம் இருந்தது. ஆனால் அன்றைய வியாபார முறை நீளமான படத்துக்கோ செலவு மிகுந்த படத்துக்கோ இடம் வைக்கவில்லை.

1905-க்குப் பிறகு அமெரிக்க நகரங்களில் 'நிக்கலோடியன்' எனப்பட்ட சிறு கொட்டகைகள் மூலைக்கு மூலை முளைத்தன. டிக்கெட் 5 சென்ட். அரைமணியோ ஒருமணியோ பார்த்துவிட்டு எழுந்து போகலாம். அதே வாடிக்கையாளர் நாளைக்கும் வரவேண்டுமென்றால் நாளைக்குப் படம் மாறியிருக்க வேண்டும். ஆகவே கொட்டகைக்காரருக்குத் தேவை ஓயாத வரத்து. ஒவ்வொரு படமும் சிறப்பாக இருந்தாக வேண்டும் என்ற கட்டாயம் அவருக்கு இல்லை.

1908 இறுதியில் எடிசன், பயோகிராஃப், வைட்டாகிராஃப், எஸ்ஸனே போன்ற நிறுவனங்கள் காப்புரிமைகளை ஒன்றாகக் குவித்து ஒரு கூட்டணி அமைத்தன. கூட்டணிக்குள் இருப்பவர்களின் படம்தான் உரிமம் பெற்ற கொட்டகைகளில் ஓடும். அவர்கள் படத்துக்கு விலை வைத்த விதத்தைக் கவனிக்க வேண்டும். அடிக்கணக்கு! ஓர் அடி பிலிமுக்கு இத்தனை சென்ட் என்று துணிக்கடை அளவுகோல் வைத்து விற்றார்கள். நடிகர் யார், கதை என்ன, எவ்வளவு செலவானது என்பதெல்லாம் விலையில் சேராது. ஒரு ரீல், அதாவது ஒரு சுருள் பிலிம், சுமார் 1,000 அடி; பதினைந்து நிமிடத்துக்குள் ஓடி முடியும். ஆயிரம் டாலர் செலவழித்து எடுத்தாலும் ஐயாயிரம் டாலர் செலவழித்து எடுத்தாலும் வருகிற தொகை ஏறக்குறைய ஒன்றுதான்.

அப்படியானால் லாபம் எங்கே? செலவைக் குறைப்பதிலும் பிரதிகளின் எண்ணிக்கையைக் கூட்டுவதிலும்தான். ஆண்டர்சன் இந்தக் கணக்கைப் புரிந்துகொண்ட வேகம் வேறு யாருக்கும் இல்லை. வெஸ்டர்ன் படத்துக்கு வானமும் மண்ணும் இலவசம். உடை ஒருமுறை தைத்தால் ஆண்டுகள் உழைக்கும். ஒரு மதுக்கடை, ஒரு மரவீடு, ஊர்க் காவல் அதிகாரியான ஷெரிஃபுக்கு ஓர் அலுவலகம் போதும். பார்வையாளருக்கு நாயகனின் பெயர் மனதில் நின்றுவிட்டால், அடுத்த வாரப் பிரதிக்கு முன்கூட்டியே ஆர்டர் வந்துவிடும்.

இவருடைய படங்களைக் 'குறைந்த செலவுப் படங்கள்' என்று இன்று சொல்வது சரிதான். ஆனால் வேறு வழியில்லாமல் வந்த வறுமை அது என்று நினைத்தால் தொழில் பிடிபடாது.

பிராங்கோ பில்லி என்ற பாத்திரம் எப்போது வந்தது? தொடர்கதையா?

1910 ஜூலையில் வெளிவந்த 'பிராங்கோ பில்லிஸ் ரிடெம்ப்ஷன்' என்ற படத்தில். தேடப்படும் குற்றவாளி ஒருவன், கடும் நோயில் கிடக்கும் ஒரு மனிதரையும் அவர் மகளையும் சந்திக்கிறான். ஊருக்குள் கொண்டுபோனால்தான் அவர் பிழைப்பார். ஊருக்குள் போனால் தான் பிடிபடுவான். போகிறான்.

பிராங்கோ பில்லி படங்களில் பெரும்பகுதி இந்த ஒரு முடிச்சைத்தான் வேறு வேறு விரல்களால் போட்டு அவிழ்க்கிறது. கெட்டவன், ஆனால் ஒரு பெண்ணோ குழந்தையோ நோயாளியோ எதிரே வந்தால் நல்லவனாகிவிடுவான். 1914-இலிருந்து நடிகர் வில்லியம் எஸ். ஹார்ட் இதே 'நல்ல கெட்டவனை' இன்னும் கனமாக, இன்னும் தூசி படிந்த உடையோடு எடுத்துப் புகழ்பெற்றார். விதை ஆண்டர்சனுடையது.

தொடர்கதையா என்றால், இல்லை. இதுதான் எனக்கு மிகவும் பிடித்த விஷயம். ஒரு படத்தில் பில்லி இறந்துபோவான், அடுத்த படத்தில் உயிரோடு குதிரையேறி வருவான். இந்த வாரம் ஷெரிஃப், அடுத்த வாரம் கொள்ளைக்காரன், அதற்கடுத்த வாரம் மனைவியோடு பண்ணையில் இருப்பவன். யாரும் விளக்கம் கேட்கவில்லை. பெயரும் முகமும் தொப்பியும் மாறாமல் இருந்தால் போதும் என்று மக்கள் ஏற்றுக்கொண்டார்கள். இன்று ஒரு தொடர்ப்படத்தில் நாயகனின் கைக்கடிகாரம் இடம் மாறினாலே கூச்சல் போடுகிறவர்கள் இதை யோசித்துப் பார்க்கலாம்.

எங்கே எடுத்தார்கள்? நைல்ஸ் என்ற ஊர் எங்கே இருக்கிறது?

சிகாகோவில் குளிர்காலத்தில் வெளியே படமெடுக்க முடியாது. வெயில் இருக்கும் நாட்களிலும் அந்தச் சமவெளி நகரம் மேற்குப் பகுதி போலத் தோன்றாது. எனவே 1909-இலிருந்து ஆண்டர்சன் ஒரு சிறு குழுவைக் கூட்டிக்கொண்டு ரயிலில் அலையத் தொடங்கினார். கொலராடோ, பிறகு கலிபோர்னியாவின் லாஸ் கேட்டோஸ், சான் ரஃபேல் என்று போகும் இடத்தில் சில மாதம் தங்கி எடுப்பார்கள். வெளிச்சம் போனால் மூட்டை கட்டுவார்கள்.

1912 ஏப்ரலில் நைல்ஸ் வந்து சேர்ந்தார்கள். சான் பிரான்சிஸ்கோ விரிகுடாவின் கிழக்குப் பக்கத்தில் அன்று ஒரு சின்ன ரயில்வே ஊர். 1956-இல் அக்கம்பக்கத்து நான்கு ஊர்களோடு சேர்ந்து ஃப்ரீமான்ட் நகரமாகிவிட்டது. ஊருக்கு அடுத்தே நைல்ஸ் பள்ளத்தாக்கு. அதில் அலமேடா ஓடை, பாறைச் சரிவு, வளைந்து போகும் வண்டிப்பாதை. கொள்ளைக்காரன் ஒளிவதற்கும் ஷெரிஃப் துரத்துவதற்கும் அரை மணி நேரப் பயணத்தில் எல்லாமே கிடைத்தன. கூடவே ரயில். ரயில் கொள்ளைக் காட்சிக்கும் அது உதவியது, எடுத்த படத்தைச் சிகாகோவுக்கு அனுப்பவும் அதுவேதான். விற்பனைக்கான பிரதிகள் சிகாகோவில்தான் தயாராயின.

1913-இல் அங்கே நிரந்தர ஸ்டுடியோவும் நடிகர்கள் தங்கச் சிறு வீடுகளும் கட்டினார்கள். 1912 முதல் 1916 வரை 350-க்கும் அதிகமான படங்கள் நைல்ஸில் உருவாயின. ஹாலிவுட் என்பது அப்போது படத்தொழிலுக்கான ஒரே முகவரியாக இன்னும் மாறியிருக்கவில்லை.

அங்கே வேலை எப்படி நடந்தது? யார் யார் இருந்தார்கள்?

ஒரு நாடகக் கம்பெனி போலத்தான் என்று சொல்வேன். மாதச் சம்பளத்துக்கு ஒரு நிலைக்குழு. ஒவ்வொருவருக்கும் ஏறக்குறைய ஒரே வேடம். மார்கரெட் கிளேட்டன் கதாநாயகி. பிரின்ஸ்லி ஷா வில்லன். வயதான ஷெரிஃப் வேண்டுமென்றால் ஆர்தர் மேக்லி. அதற்கு முந்தைய கதாநாயகி வேடா பெர்ட்ராம் 1912-இல், இருபது வயதிலேயே, குடல்வால் நோயால் இறந்துபோனார். அந்தப் பெண்ணின் திரைவாழ்வு மொத்தமே சில மாதங்கள்தான்.

கதை என்பது பெரும்பாலும் ஒரு சில வரிகள். ஆண்டர்சன் காலையில் சொல்வார், மதியத்துக்குள் குதிரைகள் பள்ளத்தாக்கில் நிற்கும். அன்றைய பிலிமுக்கு நல்ல வெயில் வேண்டும். வெயில் இறங்கினால் வேலை நின்றது. வீட்டுக்குள் நடக்கும் காட்சியைக்கூட மேலே துணி கட்டிய திறந்த மேடையில் எடுப்பது அக்காலப் பழக்கம். பழைய படங்களில் அறைக்குள் மேசை விரிப்பு காற்றில் படபடப்பதைக் கவனித்தால் காரணம் விளங்கும்.

கௌபாய் படங்களுக்கு இடையில் நகைச்சுவைப் படங்களும் அதே குழு, அதே உடை, அதே தெருவை வைத்து எடுக்கப்பட்டன. ஸ்நேக்வில் என்ற கற்பனை ஊரில் நடக்கும் கேலிக்கூத்துகள் அவை. அகஸ்டஸ் கார்னி நடித்த ஆல்கலி ஐக் என்ற பாத்திரத்துக்கு, பொம்மை செய்து விற்கும் அளவுக்குப் புகழ் வந்தது. ஹாரி டாட், விக்டர் பொட்டல், மார்கரெட் ஜாஸ்லின் ஆகியோரும் அந்த ஊர்க்காரர்கள். மரவீட்டை ஒருமுறை கட்டி, அதில் சோகத்தையும் எடுத்து, சிரிப்பையும் எடுத்துவிடுவது சிக்கனத்தின் உச்சம்.

ஆண்டர்சனுக்குப் பேஸ்பால் பைத்தியம் உண்டு. எஸ்ஸனேக்கு என்று ஓர் அணி வைத்திருந்தார். அந்த அணியில் ஆடத்தான் ரோலண்ட் டாதெரோ என்ற இளைஞரை முதலில் சேர்த்தார் என்று சொல்வார்கள். பந்தாட வந்தவர் கேமரா பிடிக்கக் கற்றார். பின்னாளில் முப்பது ஆண்டுக்கும் மேல் சாப்ளினின் ஒளிப்பதிவாளராக இருந்தவர் அவர்தான்.

சார்லி சாப்ளினுக்கும் இவருக்கும் என்ன தொடர்பு?

சாப்ளினை எஸ்ஸனேக்குக் கொண்டுவந்ததில் முக்கியமானவர் ஆண்டர்சன். 1914 இறுதியில் கீஸ்டோன் நிறுவனத்தோடு சாப்ளினின் ஒப்பந்தம் முடிகிற நேரம். வாரம் 1,250 டாலர் சம்பளம், சேரும்போதே 10,000 டாலர் தனியாக என்று பேசி முடித்தார்கள். அடிக்கணக்கில் படம் விற்கும் ஒரு நிறுவனத்துக்கு இது தலைசுற்றும் தொகை. சிகாகோவில் இருந்த ஸ்பூருக்குச் சாப்ளின் யாரென்றே சரியாகத் தெரியவில்லை. முன்பணத்தைக் கொடுக்காமல் தட்டிக் கழித்தார். சாப்ளின் கடுப்பானார். சிகாகோவின் குளிரும் அவருக்கு ஒத்துக்கொள்ளவில்லை. அங்கே ஒரே ஒரு படம் முடித்துவிட்டு நைல்ஸுக்கு வந்துவிட்டார்.

கோடீஸ்வர நட்சத்திரம் என்று எண்ணி வந்தவர், ஆண்டர்சனின் வீட்டைப் பார்த்துத் திகைத்துப்போனார். ஏறக்குறைய காலியான அறை, பழைய இரும்புக் கட்டில், சகிக்க முடியாத குளியலறை. சாப்ளின் தன் வாழ்க்கை வரலாற்றில் இதை மறக்காமல் எழுதியிருக்கிறார். ஆண்டர்சனின் சிக்கனம் படத்தோடு நிற்கவில்லை போலும். ஆனால் இதே ஆள் சான் பிரான்சிஸ்கோவில் கெய்ட்டி என்ற நாடக அரங்கத்துக்குப் பணத்தை வாரி இறைத்துக்கொண்டிருந்தார். மனிதர்கள் எங்கே கஞ்சம், எங்கே தாராளம் என்று கணிப்பது கடினம்.

நைல்ஸில் சாப்ளின் 1915-இன் தொடக்கத்தில் ஐந்து படங்கள் எடுத்தார். கடைசிப் படம் 'தி டிராம்ப்'. நாடோடி முதுகைக் காட்டி நெடுஞ்சாலையில் நடந்து போகும் காட்சி அதில்தான் வருகிறது. 'தி சாம்பியன்' குத்துச்சண்டைக் காட்சியில் கூட்டத்தில் ஒருவராக ஆண்டர்சனைக் காணலாம். பதிலுக்கு ஆண்டர்சனின் 'ஹிஸ் ரீஜெனரேஷன்' படத்தில் சாப்ளின் ஒரு சிறு காட்சியில் தலைகாட்டினார். அதன்பிறகு சாப்ளின் லாஸ் ஏஞ்சலஸ் போய்விட்டார்.

இவ்வளவு நன்றாகப் போன தொழிலை 1916-இல் ஏன் விட்டார்?

மேலே சொன்ன வியாபார முறை உடைந்ததுதான் பெரிய காரணம். 1914, 1915-இல் ஐந்து ரீல், ஆறு ரீல் நீளமுள்ள படங்கள் கொட்டகைகளைப் பிடிக்கத் தொடங்கின. டிக்கெட் விலை ஏறியது, அரங்குகள் பெரிதாயின. 1915 அக்டோபரில் காப்புரிமைக் கூட்டணி சட்டவிரோதம் என்று நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அடிக்கணக்கு உலகம் முடிந்துகொண்டிருந்தது. ஆண்டர்சன் 1914-இல் நான்கு ரீல் படம் ஒன்று எடுத்துப் பார்த்தார். ஆனாலும் அவருடைய வண்டி ஒரு ரீல், இரண்டு ரீல் தடத்திலேயே ஓடியது. வாரம் ஒரு கதையைச் சுருக்கமாகச் சொல்லப் பழகிய கைக்கு, ஒரு மணி நேரம் ஒரே மனிதனை வளர்த்தெடுக்கும் பொறுமை வரவில்லை என்பதே அந்தப் படங்களைப் பார்த்தால் எனக்குத் தோன்றுவது.

இன்னொரு பக்கம் கூட்டாளிகளுக்குள் கசப்பு. ஆண்டர்சன் தன் பங்கை ஸ்பூருக்கே விற்றுவிட்டு வெளியேறினார். 1916 பிப்ரவரியில் நைல்ஸ் ஸ்டுடியோ மூடப்பட்டது. அதே பிப்ரவரியில் சாப்ளின் வாரம் 10,000 டாலருக்கு மியூச்சுவல் நிறுவனத்தோடு கையெழுத்திட்டார். ஒரு மாதத்துக்குள் கௌபாயும் போய், நாடோடியும் போய், ஸ்பூர் தனியாக நின்றார். சாப்ளின் போன பிறகு அவருடைய 'கார்மென்' கேலிப் படத்தைக் கழித்துப்போட்ட துண்டுகளால் நான்கு ரீலாக நீட்டி வெளியிட்டார்கள். சாப்ளின் வழக்குப் போட்டுத் தோற்றார். எஸ்ஸனே அதற்குப் பிறகு நெடுநாள் தாங்கவில்லை.

மொத்தம் எத்தனை பிராங்கோ பில்லி படங்கள்?

பரவலாகச் சொல்லப்படும் எண்ணிக்கை 148. ஆண்டர்சன் நடித்த எல்லாக் குறும்படங்களையும் சேர்த்தால் 300-ஐத் தாண்டும். பெரும்பாலானவை அழிந்துவிட்டன. அன்று பயன்பட்ட நைட்ரேட் பிலிம் எளிதில் தீப்பற்றும், தானாகவே சிதையும். ஓடி முடிந்த ஒரு ரீல் படத்தைப் பத்திரப்படுத்த வேண்டும் என்று எந்த முதலாளிக்கும் தோன்றவில்லை.

செவ்விந்தியர்களையும் மெக்சிகோக்காரர்களையும் இவர் படங்கள் எப்படிக் காட்டின?

மோசமாகத்தான். 1914-இல் வந்த ஒரு படத்தின் தலைப்பிலேயே மெக்சிகோக்காரர்களை இழிவுபடுத்தும் வசைச்சொல் இருக்கிறது. வில்லனுக்கு ஒரு முகம் சட்டென்று வேண்டும், விளக்க நேரம் இல்லை, ஆகவே பார்வையாளரின் மனதில் ஏற்கெனவே இருக்கும் வெறுப்பைக் கடன் வாங்கிக்கொள்வது. மலிவுப் படம் இப்படியும் செலவை மிச்சப்படுத்தும். எஸ்ஸனேயின் வணிக முத்திரையில் இருந்தது இறகுத் தொப்பி அணிந்த பூர்வகுடி ஒருவரின் தலை, அமெரிக்கச் செப்புக் காசில் இருந்ததைப் போலவே. படங்களுக்குள் அந்த மக்களுக்குக் கிடைத்த மரியாதை அந்த முத்திரை அளவுக்குக்கூட இல்லை. அந்தக் காலம் அப்படி என்று சொல்லிக் கடந்துவிட எனக்கு விருப்பமில்லை.

அதன்பிறகு என்ன செய்தார்?

நியூயார்க் போய், லாங்ஏக்கர் நாடக அரங்கில் பங்கு வாங்கி நாடகங்கள் தயாரித்தார். நிலைக்கவில்லை. 1918, 1919-இல் மறுபடி தொப்பி மாட்டிச் சில படங்களில் நடித்தார். அதற்குள் மக்கள் ஹார்ட்டுக்கும், குதிரை வித்தையில் கலக்கிய டாம் மிக்ஸுக்கும் பழகிவிட்டார்கள். இவர் பழைய ஆளாகத் தெரிந்தார். வயது என்னவோ நாற்பதைத் தொடவில்லை.

பிறகு கேமராவுக்குப் பின்னால் நின்று ஸ்டான் லாரலை வைத்து நகைச்சுவைக் குறும்படங்கள் தயாரித்தார். அவற்றில் 'தி லக்கி டாக்' 1921-இல் வெளிவந்தது. இயக்கியவர் நைல்ஸ் காலத்துத் தோழர் ஜெஸ் ராபின்ஸ். லாரலும், வழிப்பறிக்காரனாக ஆலிவர் ஹார்டியும் ஒரே படத்தில் முதல்முதலாகத் தோன்றியது அதில்தான். இருவரும் 'லாரல்-ஹார்டி' என்ற புகழ்பெற்ற நகைச்சுவை ஜோடியாக இணைய இன்னும் பல ஆண்டுகள் இருந்தன. கையில் வந்த வைரத்தின் மதிப்பு யாருக்கும் தெரியவில்லை, ஆண்டர்சனுக்கும்தான். படவிநியோக நிறுவனத்தோடு தகராறு வந்து, 1920-களின் நடுவிலேயே தொழிலிலிருந்து ஒதுங்கிவிட்டார்.

ஆஸ்கர் விருது வாங்கினாரா?

வாங்கினார். 1957-ஆம் ஆண்டுக்கான கௌரவ ஆஸ்கர், 1958 மார்ச்சில் நடந்த விழாவில் வழங்கப்பட்டது. திரைப்படத்தை ஒரு பொழுதுபோக்காக வளர்த்தெடுத்த முன்னோடி என்ற பாராட்டோடு. அப்போது வயது 78. அதற்கு முன்பு முப்பது ஆண்டுகளுக்கு மேல் படவுலகம் அவரை மறந்தே இருந்தது. உயிரோடு இருக்கிறாரா என்பதே பலருக்கு வியப்பாக இருந்திருக்கும்.

கடைசியாக 1965-இல் 'தி பவுன்டி கில்லர்' என்ற படத்தில் ஒரு சின்ன வேடம். அதுவும் ஒரு சிக்கனப் படம்தான். ஜானி மேக் பிரவுன், பாப் ஸ்டீல், பஸ்டர் கிராப் என்று பழைய மலிவு வெஸ்டர்ன்களின் நாயகர்களையெல்லாம் தேடிப்பிடித்து அதில் நடிக்கவைத்திருந்தார்கள். இறுதிக் காலத்தில் திரைத்துறை முதியோர் இல்லத்தில் இருந்தார். 1971 ஜனவரி 20 அன்று, தொண்ணூறாவது வயதில் காலமானார்.

அவருடைய வழியைப் பின்பற்றியவர்கள் யார்?

1930-களில் ஹாலிவுட்டின் சிறு நிறுவனங்கள் தொழிற்சாலை கணக்கில் வெஸ்டர்ன் படங்களை எடுத்துத் தள்ளின. 1933 முதல் 1935 வரை மோனோகிராம் நிறுவனத்தின் மூலம் வெளிவந்த லோன் ஸ்டார் படங்கள் நல்ல உதாரணம். இளம் ஜான் வெய்ன் நாயகன். இயக்கியவர்களில் முக்கியமானவர் ராபர்ட் என். பிராட்பரி, மேலே சொன்ன பாப் ஸ்டீலின் தந்தை. நீளம் ஒரு மணி நேரத்துக்கும் குறைவு. அதே பாறை, அதே மதுக்கடை, அதே துரத்தல். ஹாலிவுட்டில் கோவர் தெரு முனையில் வேலை தேடும் கௌபாய்கள் தொப்பியும் காலணியுமாகக் காத்து நிற்பார்களாம். ஒரு ரீல் ஐந்து ரீலாக நீண்டது, பேச்சு வந்தது. மற்றபடி நைல்ஸில் ஆண்டர்சன் போட்ட கணக்குதான்.

கிளின்ட் ஈஸ்ட்வுட்டின் 'பிராங்கோ பில்லி' இவர் கதையா?

இல்லை. 1980-இல் வந்த அந்தப் படம் ஊர் ஊராகப் போய்க் குதிரை வித்தை காட்டும் ஒருவனின் கற்பனைக் கதை. பெயர் மட்டும்தான் பொது. ஆனால் அந்த நாயகன் முன்பு நியூ ஜெர்சியில் செருப்பு விற்றவன் என்பது தெரியவரும்போது, லிட்டில் ராக் ஆரன்சன் நினைவுக்கு வராமல் இருப்பதில்லை.

இன்று எதைப் பார்க்கலாம்? நைல்ஸ் போனால் ஏதாவது இருக்கிறதா?

ரயில் கொள்ளைப் படத்தில் தொடங்குங்கள். பதிப்புரிமை காலாவதியாகிவிட்டதால் இணையத்தில் தாராளமாகக் கிடைக்கும். அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தளத்திலும் இருக்கிறது. சுடப்பட்டு விழும் பயணியைத் தவறவிடாதீர்கள். கொஞ்சம் கூடுதலாகவே துடிக்கிறார். எஞ்சிய பிராங்கோ பில்லி படங்களில் சில, ஐரோப்பியக் காப்பகங்களில் கிடைத்த பிரதிகள். சிலவற்றில், காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்து அட்டைகள் வேற்று மொழியில் இருக்கும். கதை புரிவதற்கு அது தடையே அல்ல. 'பிராங்கோ பில்லிஸ் சென்டன்ஸ்' கிடைத்தால் விடாதீர்கள். 1915-இல், அந்த வரிசையின் கடைசிக் காலத்தில் வந்தது. ஐந்து ஆண்டில் ஒரு நடிகர் கைகால் வீச்சைக் குறைத்து முகத்தால் நடிக்கக் கற்றிருப்பதை, 1910 படத்தோடு ஒப்பிட்டால் கண்ணெதிரே காணலாம்.

நைல்ஸில் ஸ்டுடியோ கட்டடம் இன்று இல்லை. ஆனால் 1913-ஆம் ஆண்டுக் கொட்டகை ஒன்றில் எஸ்ஸனே மௌனப்பட அருங்காட்சியகம் இயங்குகிறது. அவர் பெயரிலேயே மௌனப்பட விழாவும் நடத்துகிறார்கள். பள்ளத்தாக்கின் வழியே சுற்றுலா ரயில் ஓடுகிறது. சிகாகோவில் ஆர்கைல் தெருவில் இருந்த தலைமை ஸ்டுடியோவின் வாசலில் அந்தப் பூர்வகுடித் தலை முத்திரை இன்னும் இருக்கிறது.